செய்திப் படத்துக்குள்ள கார்ட்டூன் எப்படி வந்துச்சு? பேசாத படக் காலத்து ஒட்டுவேலை, அடிப்படைல இருந்து

போன மாசம் எங்க குடும்ப வாட்ஸப் குரூப்புல சித்தப்பா ஒரு வீடியோ போட்டார். கறுப்பு வெள்ளை, நாலு புகைபோக்கி வச்ச பெரிய கப்பல், பக்கவாட்டுல வெடிச்சு புகை குபுகுபுன்னு மேல ஏறுது, ஆளுங்க எறும்பு மாதிரி கயித்தப் பிடிச்சு இறங்குறாங்க, கப்பல் மெல்ல சாயுது. கீழ "டைட்டானிக் முழுகும்போது எடுத்த ஒரிஜினல் வீடியோ, நூறு வருஷமா மறைச்சு வச்சிருந்தாங்க"ன்னு எழுதியிருந்துச்சு. அத்தை கும்பிடு போட்டாங்க, ரெண்டு பேர் கண்ணீர் போட்டாங்க, ஒருத்தர் மட்டும் "கேமராமேன் எந்தப் போட்ல நின்னு எடுத்தான்?"னு கேட்டார், அவருக்கு யாரும் பதில் சொல்லல.

அது டைட்டானிக் இல்ல. லூசிடானியாங்கிற வேற கப்பல். எடுத்ததும் இல்ல, வரைஞ்சது. 1918ல அமெரிக்கால வின்சர் மெக்கேங்கிற கார்ட்டூனிஸ்ட் கையால வரைஞ்சு பண்ண 12 நிமிஷப் படம்.

இத குரூப்புல சொன்னா உடனே எதிர்ப்பக்கம் சாஞ்சுட்டாங்க. "ஓ கார்ட்டூனா, அப்போ டூப்பு, குழந்தைங்க சமாச்சாரம்." அதுவும் தப்புதான். அந்தக் காலத்துல நிஜமா எடுத்த செய்திப் படத்தையும் வரைஞ்ச படத்தையும் ஒரே ரீல்ல கலந்து ஓட்டினது ரொம்ப சாதாரண வேலை, யாரும் அத மோசடின்னு பாக்கல, சில நேரம் மோசடியாவும் இருந்துச்சு, அது வேற கதை. ரெண்டு குழப்பத்துக்கும் காரணம் ஒன்னுதான், இது எப்படி வேலை செய்யுதுன்னு தெரியாதது. அத முதல்ல இருந்து பாத்துடுவோம்.

தையல் மெஷின் தெரிஞ்சா கேமராவும் தெரியும்

ஸ்கூல்ல நோட்டு மூலைல பந்து வரைஞ்சு, அடுத்த பக்கத்துல கொஞ்சம் தள்ளி வரைஞ்சு, கடைசில விரலால சர்ருனு புரட்டினா பந்து குதிக்கும் இல்லையா, சினிமான்னா மொத்தமும் அவ்வளவுதான். பிலிம் சுருள்ல இருக்கிற ஒவ்வொரு தனிப் படத்துக்கும் பிரேம்னு பேர். பேசாத படக் காலத்துல செகண்டுக்கு சுமாரா 16 பிரேம்.

இந்த பிரேம எப்படிப் பதிவு பண்றாங்கன்னு புரிய வீட்ல இருக்கிற தையல் மெஷின நினைச்சுக்கங்க. துணி விடாம ஓடுற மாதிரி தெரியும், ஆனா உண்மைல கொஞ்சம் நகரும், நிக்கும், ஊசி குத்தும், மறுபடி நகரும். கேமராக்குள்ள பிலிமும் அதே மாதிரி நகரும், நிக்கும், வெளிச்சம் படும், நகரும். சும்மா உவமைக்கு சொல்லல, 1895ல லூமியேர் சகோதரர்கள் தங்களோட கேமராவுக்கு இந்த நின்னு நின்னு நகர்ற ஐடியாவ தையல் மெஷின்ல இருந்துதான் எடுத்தாங்க.

அப்போ கேமராவுக்கு மோட்டார் கிடையாது, கைப்பிடி. ஒரு சுத்து சுத்தினா 8 பிரேம், செகண்டுக்கு ரெண்டு சுத்து, ஆக 16. கேமராமேன் மனசுக்குள்ள ஒரு பாட்டு தாளம் வச்சுக்கிட்டு சுத்துவானாம்.

இப்ப டெய்லர் காலர் முனை தைக்கிறத கவனிச்சிருக்கீங்களா? நேரா போற எடத்துல கால் மிதி கடகடன்னு ஓடும், முனை வந்ததும் கால எடுத்துட்டு பக்கத்துல இருக்கிற சக்கரத்த கையால திருப்பி ஒவ்வொரு தையலா போடுவார். கேமராலயும் அப்படி ஒரு வழி இருந்துச்சு, கைப்பிடிய வேற எடத்துல மாட்டினா ஒரு சுத்துக்கு ஒரே ஒரு பிரேம். ஒரு ஓவியத்த வை, ஒரு சுத்து, ஓவியத்த மாத்து, ஒரு சுத்து. இப்படி பிரேம் பிரேமா நிறுத்தி எடுக்கிறதுக்குத்தான் அனிமேஷன்னு பேர்.

அதாவது நிஜக் காட்சிக்கும் கார்ட்டூனுக்கும் மெஷின் ஒன்னு, பிலிம் ஒன்னு, கழுவுற மருந்து ஒன்னு. முன்னாடி என்ன வச்சாங்க, எவ்வளவு நிறுத்தி நிறுத்தி சுத்தினாங்க, இதுல மட்டும்தான் வித்தியாசம். இத மனசுல வச்சுக்கங்க, மீதி எல்லாம் இதுல இருந்துதான் வருது.

நியூஸ் ரீல், அது எவ்வளவு நிஜம்

நியூஸ் ரீல்னா தியேட்டர்ல மெயின் படத்துக்கு முன்னாடி ஓட்டின செய்திச் சுருள். வயசானவங்களுக்கு ஃபிலிம்ஸ் டிவிஷன் ரீல் ஞாபகம் இருக்கும், வெள்ளம், அணைத் திறப்பு, அமைச்சர் ரிப்பன் வெட்டுறது, ஜனங்க வெளிய நின்னு பீடி குடிச்சிட்டு அது முடிஞ்சதும் உள்ள வருவாங்க. அதோட தாத்தா, பாரிஸ்ல பாத்தே கம்பெனி 1908ல ஆரம்பிச்ச செய்திச் சுருள். 1910ல இங்கிலாந்து, 1911ல அமெரிக்கான்னு சீக்கிரமே பரவிடுச்சு.

இதுல கேமரா பாத்தத மட்டும்தான் காட்டினாங்கன்னு நினைச்சா ஏமாந்துடுவோம். டைட்டானிக்கையே எடுத்துக்கங்க. 1912 ஏப்ரல்ல கப்பல் முழுகிப்போச்சு, ஜனங்க படம் கேக்குறாங்க, நியூஸ் ரீல் கம்பெனிங்க கிட்ட டைட்டானிக் பிலிம் அநேகமா இல்லவே இல்ல. கோமான்ங்கிற பிரெஞ்சு சினிமா கம்பெனி என்ன பண்ணுச்சு, அதே மாதிரி இருக்கிற ஒலிம்பிக் கப்பல்ல முன்ன எடுத்த பிலிம எடுத்துச்சு, அதுலயும் அதே கேப்டன் ஸ்மித் நடந்துவர்றார், பிரச்சினை என்னன்னா பக்கத்துல நிக்கிற இழுவைப் படகுங்க மேல இருக்கிற பேர வச்சு இது வேற எடம், வேற கப்பல்னு கண்டுபிடிச்சுடலாம். அதனால அந்தப் பேருங்கள பிலிம்லயே சுரண்டி எடுத்துட்டாங்க. ஒரு பிரேம்ல சுரண்டினா பத்தாது இல்லையா, பேர் தெரியற ஒவ்வொரு பிரேம்லயும் சுரண்டணும், கை ஒரே மாதிரி வராது, அதனால திரைல ஓட்டும்போது அந்த எடத்துல ஒரு வெள்ளைக் கீறல் புழு மாதிரி நெளியுது. இப்பவும் அந்தப் பிலிம்ல பாக்கலாம்.

யோசிச்சுப் பாருங்க, பிரேம் பிரேமா கையால கோடு போடுறது. அனிமேஷன் பண்றவனும் அதத்தான் பண்றான். இவங்க மறைக்கிறதுக்குப் பண்ணாங்க, அவ்வளவுதான்.

இன்னும் பின்னாடி போனா 1898, ஸ்பெயினும் அமெரிக்காவும் கியூபாவோட சாண்டியாகோ பக்கத்துல கப்பல் சண்டை போட்டாங்க. நியூயார்க்ல ஸ்டுவர்ட் பிளாக்டன், ஆல்பர்ட் ஸ்மித்னு ரெண்டு பேர். தெருவுல வித்த போர்க்கப்பல் போட்டோக்கள வாங்கி, வெட்டி, ஆழமில்லாத தொட்டித் தண்ணில மிதக்கவிட்டு, நூல் கட்டி இழுத்து, சிட்டிகை வெடிமருந்து கொளுத்தி, ஓரமா நின்னு ஆள் சிகரெட் சுருட்டுப் புகை ஊத, அத எடுத்து சாண்டியாகோ சண்டைன்னு ஓட்டிட்டாங்களாம். இது ஸ்மித் வயசான காலத்துல சொன்னது, கொஞ்சம் மசாலா சேர்ந்திருக்கும், ஆனா அந்த மாதிரி பொம்மைக் கப்பல் சண்டைப் படங்கள் அப்ப நிறைய வந்தது நிஜம். இதே பிளாக்டன்தான் 1906ல கரும்பலகைல சாக்பீஸால மூஞ்சி வரைஞ்சு, அத பிரேம் பிரேமா மாத்தி, கண்ணு உருள வச்சு, அமெரிக்கால அனிமேஷனுக்குப் பிள்ளையார் சுழி போட்டவர். ஒரே ஆள்தான் ரெண்டு வேலைக்கும்!

சுருக்கமா, நியூஸ் ரீல் ஒன்னும் கலப்படமில்லாத பசும்பால் இல்ல. கார்ட்டூன் வந்து அதக் கெடுத்துச்சுன்னு சொல்ல முடியாது, கை வைக்கிற பழக்கம் முன்னாடியே இருந்துச்சு.

சரி, எதுக்குக் கலந்தாங்க

முக்கியமான காரணம், கேமராவால போக முடியாத எடம். முதல் உலகப் போர் 1914ல ஆரம்பிக்குது (நாம "அவன் பெரிய எம்டன்"னு சொல்றோமே, அந்த எம்டன் கப்பல் மெட்ராஸ் எண்ணெய் டாங்க் மேல குண்டு போட்ட அதே போர்தான்). தியேட்டர்ல உக்காந்திருக்கிற ஒவ்வொருத்தன் வீட்லயும் யாராவது போர்ல இருக்காங்க, ஆனா பிரிட்டிஷ் ராணுவம் 1915 கடைசி வரைக்கும் சினிமா கேமராமேன்கள போர்முனைக்கு விடவே இல்ல. விட்டதுக்கு அப்புறமும் கேமரா ஸ்டாண்டோட நிமிர்ந்து நின்னு எடுத்தா சுட்டுடுவான். பிரான்ஸ்ல நடந்த சோம் போரப் பத்தி 1916 ஆகஸ்ட்ல வந்த படத்துல, பதுங்குகுழில இருந்து சிப்பாய்ங்க மேல ஏறி ஓடுற புகழ்பெற்ற காட்சி கூட பின்னாடி இருந்த ஒரு பயிற்சி எடத்துல வச்சு நடிக்க வச்சதுதான்.

ரெண்டாவது காரணத்த பலரும் யோசிக்கிறதில்ல: படத்துக்குக் குரல் இல்ல. இப்ப டிவில போர்ச் செய்தி வந்தா பின்னாடி ஒருத்தர் மூச்சுவிடாம பேசிக்கிட்டே இருக்கார், அத மியூட்ல போட்டுப் பாருங்க, ஒரு மண்ணும் புரியாது, யாரோ ஓடுறாங்க, புகை வருது, யார் ஜெயிச்சான்? அன்னைக்கு எல்லாமே மியூட்தான். இருந்த ஒரே துணை டைட்டில் கார்டு, அதாவது காட்சிக்கு நடுவுல வர்ற எழுத்துப் பலகை. அதுல "நம் படைகள் வடகிழக்கே முன்னேறின"ன்னு போட்டா வடகிழக்கு எதுன்னு பாக்குறவனுக்குத் தெரியணுமே. அங்கதான் வரைபடம் வந்துச்சு. இங்கிலாந்துல பெர்சி ஸ்மித்னு ஒருத்தர், பூ மலர்றத ஸ்பீடா காட்டுற அறிவியல் படங்களுக்குப் பேர் போனவர், அவர் கைனெட்டோ கம்பெனிக்காக போர் மேப்ப பிரேம் பிரேமா நகர்த்தி எடுத்தார். மேப் மேல குட்டிக் குட்டிக் கட்டையும் கப்பலும் தானா ஊர்ந்து போற மாதிரி தெரியும். 1915ல துருக்கியோட டார்டனெல்ஸ் ஜலசந்தில நடந்த சண்டைய அப்படித்தான் விளக்கினார். நியூஸ் சேனல்ல இன்னைக்கு அம்புக்குறி ஓடுற மேப் காட்டுறாங்களே, அதோட கொள்ளுத் தாத்தா இது.

மூணாவது, பத்திரிகைப் பழக்கம். செய்தின்னா பக்கத்துல ஒரு கார்ட்டூன் இருக்கணும்ங்கிறது ஊர் உலகத்துல ஏற்கனவே பழகிப்போச்சு, இங்கயே அதுக்குச் சில வருஷம் முன்னாடி பாரதியார் 'இந்தியா' பத்திரிகைல கார்ட்டூன் போட்டுக்கிட்டிருந்தார். நியூஸ் ரீல் தன்னை திரைல ஓடுற பேப்பரா நினைச்சுக்கிச்சு, அதனால கார்ட்டூனையும் கூடவே கூட்டிட்டு வந்துடுச்சு.

ஒட்டுற வேலை

இப்ப கைவேலைக்கு வருவோம். டூரிங் டாக்கீஸ்ல பிலிம் அறுந்தா ஆபரேட்டர் என்ன பண்ணுவார்? விசில் சத்தத்துக்கு நடுவுல ரெண்டு முனையையும் நேரா வெட்டி, ஒரு முனைல மேல இருக்கிற மருந்துப் படலத்த பிளேடால சுரண்டி, சிமென்ட்னு சொல்ற பிலிம் பசையத் தடவி, இன்னொரு முனைய மேல வச்சு அழுத்துவார். இதுக்கு ஜாயின்ட்டுன்னு பேர். நிஜக் காட்சியையும் வரைஞ்ச காட்சியையும் சேர்த்ததும் இதே ஜாயின்ட்டுதான், வேற மந்திரம் ஒன்னும் இல்ல. ரெண்டும் ஒரே அளவு பிலிம், ஒரே அளவு ஓட்டை, புரஜெக்டருக்கு எது நிஜம் எது ஓவியம்னு தெரியவே தெரியாது.

ஆனா கண்ணுக்குத் தெரியுமே? துறைமுகத்துல நிஜக் கப்பல் கிளம்புது, அடுத்த நொடி மையில வரைஞ்ச கப்பல் வந்தா பளிச்சுன்னு உறுத்தும். அந்த உறுத்தல மறைக்கிறது டைட்டில் கார்டு. நிஜம், அப்புறம் ஒரு பலகை, அப்புறம் ஓவியம். பலகையப் படிக்கிற அந்த நாலஞ்சு செகண்டுல முந்தின காட்சியோட நுணுக்கம் மனசுல மங்கிடும், பலகைல எழுதின விஷயம் மட்டும் நிக்கும், அடுத்து வர்ற ஓவியத்த அந்த எழுத்தோட கண்ணாடி வழியாப் பாப்போம். என்னைக் கேட்டா இந்த மொத்த வித்தையோட உயிர் அந்த எழுத்துப் பலகைதான், ஓவியம் கூட ரெண்டாவதுதான். சித்தப்பா வீடியோலயும் பாருங்க, நம்ப வச்சது படம் இல்ல, கீழ எழுதியிருந்த வரி.

கலக்குறதுலயும் பல விதம் இருந்துச்சு. சும்மா வால் மாதிரி ஒட்டுறது ஒன்னு, 1916ல ஹெர்ஸ்ட்ங்கிற அமெரிக்கப் பத்திரிகை முதலாளியோட நியூஸ் ரீல் கடைசில கிரேஸி கேட்ங்கிற பூனை மாதிரி கார்ட்டூன் வந்துச்சு, செய்திக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்ல, பேப்பர்ல கடைசிப் பக்கத்துல சிரிப்பு வர்ற மாதிரி. மேப் மாதிரி நடுவுல சொருகுறது இன்னொன்னு. அப்புறம் ஓவியர் கையையே காட்டுறது: இங்கிலாந்துல லான்சலாட் ஸ்பீடு மாதிரி ஆளுங்க 1914ல நிஜக் கை வந்து காகிதத்துல விறுவிறுன்னு வரையும், வரைஞ்சது திடீர்னு தானா அசைய ஆரம்பிக்கும்னு அந்த வாரத்துப் போர்ச் செய்திய கிண்டல் பண்ணி படம் பண்ணாங்க. கை நிஜம், பொம்மை ஓவியம், ரெண்டும் ஒரே ஷாட்டு மாதிரி தெரியும், உண்மைல கை வெளிய போன பிரேமுக்கு அப்புறம் "ஒரு சுத்து ஒரு பிரேம்"னு மாறியிருப்பாங்க.

கடைசி விதம்தான் பெருசு: முழுச் செய்தியையும் வரைஞ்சுடுறது.

லூசிடானியா, கிட்டத்துல இருந்து

1915 மே 7. நியூயார்க்ல இருந்து லிவர்பூல் போற லூசிடானியாவ அயர்லாந்து கரைக்குப் பக்கத்துல ஒரு ஜெர்மன் நீர்மூழ்கி டார்பிடோ, அதாவது தண்ணிக்குள்ள பாஞ்சு வர்ற குண்டு, போட்டு அடிச்சுது. 18 நிமிஷத்துல முழுகிடுச்சு, 1,198 பேர் செத்தாங்க. கப்பல் மே 1 நியூயார்க்ல இருந்து கிளம்புறதுக்கு பிலிம் இருக்கு. முழுகினதுக்கு ஒரு பிரேம் கூட கிடையாது.

மெக்கேவுக்கு அது ஆறவே இல்ல. அவர் வேலை பாத்ததோ ஹெர்ஸ்ட் கிட்ட, முதலாளி போரே வேணாங்கிற கட்சி, அதனால சொந்தக் காச போட்டு, ஆபீஸ் நேரம் போக மிச்ச நேரத்துல, ஜான் ஃபிட்ஸிமன்ஸ், ஆப் ஆடம்ஸ்னு ரெண்டு உதவி ஆள வச்சுக்கிட்டு 22 மாசம் வரைஞ்சார்.

இங்க ஒரு வார்த்தை புதுசா வரும்: செல். கண்ணாடி மாதிரி ஊடுருவித் தெரியற செல்லுலாய்டு தாள். ஸ்கூல்ல டிரேசிங் பேப்பர் வச்சு இந்தியா மேப் எடுத்திருப்பீங்க, அத இன்னும் தெளிவா நினைச்சுக்கங்க. இதுக்கு முன்ன 1914ல அவர் பண்ண டைனோசர் படத்துல ஒவ்வொரு காகிதத்துலயும் பின்னாடி இருக்கிற பாறை, மரம் எல்லாத்தையும் திரும்பத் திரும்ப வரைய வேண்டியிருந்துச்சு, பாவம் அந்த ஃபிட்ஸிமன்ஸ்தான் வரைஞ்சார். செல் வந்ததும் அந்தத் தலைவலி போச்சு. கடல் ஒரு தாள்ல, கப்பல் ஒரு தாள்ல, புகை ஒரு தாள்ல, ஒன்னு மேல ஒன்னு அடுக்கி ஒரு சுத்து. நகர்றத மட்டும் மாத்தினாப் போதும். அலைய ஒரு சில தாள்ல வரைஞ்சு அதையே சுழற்சியாத் திரும்பத் திரும்ப வைக்கலாம்.

மொத்தம் 25,000 ஓவியம்னு அப்ப சொன்னாங்க, இன்னைக்கு வரை எல்லாரும் அதையே சொல்றாங்க. நான் ஒரு கணக்குப் போட்டேன். 12 நிமிஷம், 720 செகண்டு, செகண்டுக்கு 16ன்னா மொத்தமே 11,520 பிரேம், அதுலயும் முன்னாடி கொஞ்சம் நிஜக் காட்சி, நடுவுல டைட்டில் கார்டுங்க. ஒவ்வொரு அடுக்கையும் தனித்தனியா எண்ணினா 25,000 வரலாம். இல்லன்னா சினிமா விளம்பரம் எந்தக் காலத்துலயும் சினிமா விளம்பரம்தான்.

படம் ஓடுற வரிசையப் பாருங்க, அங்கதான் ஒட்டுவேலையோட சாமர்த்தியம். முதல்ல நிஜ மெக்கே நிஜ அறைல வர்றார், பீச்னு ஒருத்தர் சம்பவத்தப் பத்தி அவருக்கு விவரம் சொல்றார், உதவி ஆளுங்க மேசைல வரையறாங்க. அதாவது "நாங்க வரைஞ்சோம்"னு ஒளிக்காம சொல்லிடுறாங்க. அப்புறம் ஒரு டைட்டில் கார்டு, இனிமே நீங்க பாக்குறது லூசிடானியா முழுகினதோட முதல் பதிவுன்னு. பதிவு! ஓவியம்னு சொன்ன வாயால பதிவுங்கிறாங்க. அப்புறம் கப்பல் சுதந்திர தேவி சிலையக் கடந்து போகுது, கடல், நீர்மூழ்கி, தண்ணிக்குள்ள டார்பிடோ வர்றதப் பாத்து மீனுங்க ஒதுங்குது, வெடி. இதுல கார்ட்டூன் சேட்டை கிட்டத்தட்ட அந்த மீன் ஒன்னுதான், மத்ததெல்லாம் தூரத்துல ஒரு படகுல கேமராவோட நின்னு எடுத்த மாதிரியே வரைஞ்சிருக்கார், ஆளுங்க மூஞ்சி கூடத் தெரியாது, புள்ளியா விழுவாங்க. நடுவுல செத்துப்போன பிரபலங்களோட நிஜ போட்டோக்கள் வரும், கோடீஸ்வரர் வாண்டர்பில்ட், நாடகத் தயாரிப்பாளர் ஃபிரோமன்னு. போட்டோ நிஜம், ஆள் செத்தது நிஜம், அந்த நிஜம் பக்கத்துல இருக்கிற ஓவியத்து மேலயும் ஒட்டிக்கும்.

கூடவே தப்பும் ஒட்டிக்குச்சு. படத்துல ரெண்டு டார்பிடோ அடிக்குது. நீர்மூழ்கி கேப்டனோட குறிப்புல சுட்டது ஒன்னுதான். ரெண்டாவது வெடிச்சத்தம் கேட்டது உண்மை, அது எதனாலங்கிற சண்டை இன்னும் தீரல. ஆனா வரையறவன் "தெரியாது"ன்னு வரைய முடியாதே, ஏதாவது ஒன்ன வரைஞ்சாகணும், மெக்கே அன்னைக்கு ஊர் நம்பினத வரைஞ்சார். கேமரா பொய் சொல்லணும்னா சுரண்டணும், ஓவியம் தன்பாட்டுக்கு முடிவு பண்ணிடும்.

1918 ஜூலைல படம் ரிலீஸ் ஆச்சு, அமெரிக்கா போர்ல இறங்கி ஒரு வருஷத்துக்கு மேல ஆகியிருந்துச்சு. கடைசிக் கார்டுல ஜெர்மன்காரன வெறுக்காதேன்னு நமக்கு சொல்றாங்களேன்னு ஆத்திரமா முடியும். செய்தின்னு ஆரம்பிச்சு பிரச்சாரத்துல முடிஞ்சுது. ரஷ்யால சீகா வெர்த்தோவ்ங்கிற டைரக்டர் 1922ல இருந்து 1925 வரைக்கும் பண்ண கினோ-பிராவ்தா செய்திச் சுருள்கள்ல அனிமேஷன வெளிப்படையாவே பிரச்சாரக் கருவியா எடுத்துக்கிட்டார், லெனின் சுருள்ல நிஜ இறுதி ஊர்வலமும் வரும், கார்ட்டூன் முதலாளியும் வருவான். அவர் ஜாயின்ட்ட மறைக்கவே இல்ல, தெரியட்டும்னு விட்டார்.

இதெல்லாம் நான் சித்தப்பாவுக்கு போன்ல சொன்னேன், இருபது நிமிஷம் ஆச்சு. கேட்டுட்டு, "அப்போ கடைசில ஒரு பொம்பளை கைல குழந்தைய தூக்கிப் பிடிச்சிக்கிட்டே தண்ணிக்குள்ள போகுதே, அதுவுமாப்பா வரைஞ்சது?"ன்னார்.

"ஆமா சித்தப்பா. அந்த நீர்க்குமிழி கூட வரைஞ்சதுதான்."

கொஞ்ச நேரம் பேசல. சாயங்காலம் குரூப்ப திறந்து பாத்தா பழைய வீடியோவ அழிச்சுட்டு அதையே மறுபடி போட்டிருந்தார், கீழ: "டைட்டானிக் இல்லை. கார்ட்டூன் தான். கடைசி வரை பார்க்கவும்."